'போதும்' சொல்லாமல் விட்ட சாயங்காலம்

தூத்துக்குடியில் கயிற்றுச் சந்து என்று ஒரு சந்து உண்டு. அந்தக் காலத்தில் தோணிகளுக்கு வேண்டிய வடக்கயிற்றை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை இழுத்து முறுக்குவதற்காக வளைவு நெளிவில்லாமல் நேராகப் போட்ட சந்து அது. கயிறு முறுக்கியவர்கள் போய்ச் சேர்ந்து, அவர்கள் வீடுகளில் தோணிக்காரர்களும் வலைக்காரர்களும் குடியேறி, பிள்ளை பெற்று, சண்டை போட்டு, பேச்சை நிறுத்தி, வாழ்ந்துகொண்டிருந்த அந்தச் சந்துக்காரர்களுக்குச் சாயங்காலம் என்ற ஒன்று இல்லாமல்போய் ஒரு வருஷத்துக்கு மேலாகியிருந்தது. மில் சங்கு ஊதும்போது கையில் தேத்தண்ணி டம்ளர் இருக்கும். கண்ணை மூடித் திறப்பதற்குள் டம்ளர் கழுவிக் கவிழ்த்திருக்கும், வெயில் போயிருக்கும், மாதா கோயிலில் மாலை ஜெபத்துக்கான திருந்தாதி மணி அடித்துக்கொண்டிருக்கும். இடையில் யார் எங்கே போனார்கள், என்ன செய்தார்கள் என்று சந்தில் ஒருவருக்கும் தெரியாது.

இது மயக்கமோ தூக்கமோ இல்லை. சங்குக்கும் மணிக்கும் நடுவில் அந்தப் பக்கம் வந்துபோன ஐஸ் வண்டிக்காரர், சிலிண்டர் கொண்டுவருகிறவர் எல்லாரும் சந்து வழக்கம்போலத்தான் இருந்தது என்று சொன்னார்கள். "எல்லாரும் வாசல்ல உக்காந்து சிரிச்சிப் பேசிக்கிட்டிருந்தீய" என்று ஐஸ் வண்டிக்காரர் சொல்லப்போக, அதைத்தான் சந்துக்காரர்கள் பிடித்துக்கொண்டார்கள். சிரித்தார்களாம்! எதற்குச் சிரித்தார்கள், யாரைப் பார்த்துச் சிரித்தார்கள், பேசாமல் முறைத்துக்கொண்டு திரிகிற ஆட்கள் என்ன பேசினார்கள் என்று குடைந்து கேட்டதில் அந்த மனுஷன் வேறு சந்து வழியாக வண்டியைத் தள்ள ஆரம்பித்தார்.

இதெல்லாம் படக்காரப் புள்ள வந்து போனதிலிருந்து. சம்யுக்தா என்று பேர், மெட்ராஸ் பக்கம், தலைமுடியை ஆண்பிள்ளை மாதிரி வெட்டியிருந்தாள். பாட்டு, கதை ஒன்றும் இல்லாமல், நேரம் போகிறதை மட்டும் பிடிக்கிற ஒரு குறும்படம் எடுக்கப்போவதாகவும், நேரத்தை நாம் பார்க்கிறோமா நேரம் நம்மைப் பார்க்கிறதா என்பதுதான் படம் என்றும் சொன்னாள். சந்துக்காரர்கள் அவளுக்கு மூளை கொஞ்சம் பிசகு என்று புரிந்துகொண்டு அன்பாக நடத்தினார்கள். நேரான சந்து என்பதால் ஒரு கோடியில் கேமராவை ஸ்டாண்டில் நிறுத்தி, மில் சங்கு ஊதியதும் "ஆரம்பிக்கலாம்" என்று கையைத் தூக்கினாள்.

"கேமராவைப் பார்க்காதீங்க. நீங்க என்ன செய்றீங்கன்னு நீங்களே கவனிக்காம செய்ங்க. அவ்வளவுதான்" என்று சொன்னாள்.

யார் சொல்லையும் கேட்டுப் பழக்கமில்லாத சந்து அன்றைக்கு என்னவோ அவள் சொன்னதை அப்படியே கேட்டுவிட்டது. திருந்தாதி மணி அடித்தபோது பார்த்தால் படக்காரப் புள்ளையும் இல்லை, கேமராவும் இல்லை, சாயங்காலமும் இல்லை. மறுநாளும் இல்லை. அதற்கு மறுநாளும் இல்லை.

தொலைந்த பொருளுக்குப் பழகுவதற்கு முன்னால் மனிதர்கள் திருடனைத்தான் தேடுவார்கள். முதலில் பீரோவைப் பூட்டிச் சாவியை வெளித்தெரு சொந்தக்காரர்களிடம் கொடுத்துவைத்தார்கள். செல்போனில் படம்பிடித்து வைத்துப் பார்த்தார்கள், ஓட விட்டதும் கண்ணில் ஒன்றும் படாமலே முடிந்துபோனது. தங்களுக்குத் தாங்களே சீட்டு எழுதி வைத்தவர்களுக்கு மணி அடித்தபின் கோழி கிளறியது மாதிரி கிறுக்கல்தான் கிடைத்தது. நெடுநாளாக அடைத்துக்கிடந்த சாக்கடை ஒருநாள் மணியடிக்கும்போது சுத்தமாக ஓடிக்கொண்டிருந்தது. அதைச் செய்தவர் யார், எந்த உள்நோக்கத்தோடு செய்தார் என்று கேட்டு இரண்டு வீட்டுக்காரர்கள் சட்டையைப் பிடித்துக்கொண்டார்கள். கல்யாணமாகி எத்தனையோ வருஷம் பிள்ளையில்லாமல் இருந்த மெர்சி உண்டானபோது, அவள் புருஷன் லட்டு வாங்குவதா வேண்டாமா என்று தெரியாமல் கடைவாசலில் வெகுநேரம் நின்றிருந்தான்.

பாவசங்கீர்த்தனத்துக்கு வரிசை நீண்டது. எட்வின் சாமி அப்போதுதான் நாகர்கோவில் பக்கமிருந்து பங்குச்சாமியாராக மாற்றலாகி வந்திருந்தார். பாவம், வந்த சூட்டோடு இது வந்து விடிந்தது.

"சாமி, சாயங்காலத்துல என்ன பாவம் செஞ்சேன்னு தெரியல. எதுக்கும் சேத்து மன்னிச்சிருங்க."

"தெரியாம செஞ்சது பாவத்துல சேராதும்மா."

"எனக்கு இப்பத்தான் சாமி தெரியல. செய்யும்போது தெரிஞ்சிருக்குமுல்லா?"

இதற்கு அவர் வேதசாஸ்திரப் புத்தகங்களையெல்லாம் புரட்டிப் பார்த்தார். கடைசியில் மணி அடித்ததும் எல்லாரும் சேர்ந்து, பாவத்துக்கு வருந்திச் சொல்லுகிற உத்தம மனஸ்தாப மந்திரம் சொல்லிவிடுவது என்று ஏற்பாடானது. அதன்பிறகு சந்து கொஞ்சம் அடங்கியது. சங்கு ஊதுமுன் அடுப்பை அணைப்பது, குழந்தையை இடுப்பில் வைத்துக்கொள்வது, மணி அடித்ததும் மந்திரம் சொல்லி, அக்கம்பக்கத்தை ஒரு பார்வை பார்ப்பது என்று இதுவும் ஒரு நடைமுறையாகிவிட்டது. அந்தப் பார்வை மட்டும் நல்ல பார்வை இல்லை.

அந்தப் பார்வையில் முதலிடம் செலஸ்திக்கு. ஆனால் அவள் அதைச் சாயங்காலம் தொலைந்த பிறகு கற்றுக்கொள்ளவில்லை. பிறந்ததிலிருந்தே அப்படித்தான். செலஸ்தி சந்தேகப்படாத ஆள் மாதா ஒருத்திதான். பால்காரர், தெருக் குழாய், டாக்டர் கொடுக்கிற மாத்திரை, மழை வரும் என்கிற செய்தி எதையும் அவள் ஒரே கேள்வியில் விட்டதில்லை. ஒன்றைக் கேட்டு, அதையே திருப்பிக் கேட்டு, நடுவில் வேறொன்றைக் கேட்டுவிட்டு, மறுபடி முதலிலிருந்து வருவாள். அவள் புருஷன் கஸ்பார் மாலத்தீவுக்குப் போகிற தோணியில் பண்டாரி, அதாவது சமையல்காரர். அவர் கரைக்கு வந்த அன்று குளிப்பதற்கு முன் சட்டையை மோந்து பார்ப்பாள். கடல் வாசனைக்கு மேல் ஏதாவது இருந்தால் அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்காது.

அந்தச் சந்தேகங்களிலேயே மூத்தது அவள் அக்கா ஃப்ளோராவின் மேல். கஸ்பார் வீட்டார் முதலில் பெண் பார்க்க வந்தது ஃப்ளோராவை. கேட்டு வாங்கிக்கொண்டு போனது செலஸ்தியை. ஃப்ளோரா கல்யாணமே வேண்டாம் என்று இருந்துவிட்டாள். நாலு வீடு தள்ளி இடியாப்பம் அவித்து விற்றுக்கொண்டு, வாய்க்கு வந்ததைப் பேசிக்கொண்டு நன்றாகத்தான் இருந்தாள். எல்லாம் சரியாகத்தான் போனது. ஒரு தடவை மாலத்தீவிலிருந்து வந்த கஸ்பார் மாசிக்கருவாட்டுப் பொட்டலங்களைத் தூக்கிக்கொண்டு சந்துக்குள் வந்தவர், வழியில் இருக்கிறதே என்று முதல் பொட்டலத்தை ஃப்ளோரா வீட்டில் கொடுத்துவிட்டு இரண்டாவது பொட்டலத்தோடு தன் வீட்டுக்கு வந்தார். அன்றோடு அக்காவுக்கும் தங்கச்சிக்கும் பேச்சு நின்றது. மாதா கோயில் திருவிழாவில் நேருக்குநேர் வந்தாலும் செலஸ்தி மெழுகுவத்தியைப் பார்த்துக்கொண்டு போவாள்.

படக்காரப் புள்ள கேமரா வைத்த நாளில் கஸ்பார் கடலில் இருந்தார். அதனால் திரும்பிவந்தபோது அவருக்குச் சாயங்காலம் முழுசாக இருந்தது. வந்த முதல்நாள் சங்கு ஊதியது. செலஸ்தி டம்ளரைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, முகத்தைக் கழுவி, தலையைச் சீவி, செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனாள். அவர் பின்னாலேயே போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பிவந்து, மணி அடிக்கிறவரை வாசல்படியிலேயே உட்கார்ந்திருந்தார்.

"ஏ செலஸ்தி, நீ தினமும் எங்க போற தெரியுமா? ஒங்கக்கா வீட்டுக்குத்தான்."

செலஸ்தி மந்திரத்தைச் சொல்லி முடித்துவிட்டு நிதானமாகத் திரும்பினாள். "அது ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

"பாத்தேன்."

"அவ வீட்டு வாசல்ல ஒங்களுக்கு என்ன வேல?"

"நீ போனியேன்னு..."

"நான் போனதுக்கு சாட்சி நீங்க. நீங்க போனதுக்கு சாட்சி யாரு?"

கஸ்பார் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார். புயலில் பாய்மரம் முறிந்தபோதுகூட அவர் இவ்வளவு வேகமாக எழுந்ததில்லை.

அவர் சொன்னதை அவள் நம்பவில்லை. ஆனால் சும்மாவும் இருக்கவில்லை. மறுநாள் சங்குக்கு முன்னால் வாசலில் மஞ்சள்தூளைத் தூவி வைத்தாள். மணி அடித்தபோது மஞ்சள் தடம் அவள் வாசலில் தொடங்கி ஃப்ளோரா வீட்டுப் படிவரை போய்த் திரும்பியிருந்தது. தடம் அவள் செருப்புத் தடம்தான். குனிந்து குனிந்து பார்த்தாள். தன் செருப்பைப் போட்டுக்கொண்டு கஸ்பார்தான் போய்வந்திருக்கிறார் என்று முடிவுகட்டினாள். அந்தச் செருப்புக்குள் அவர் காலில் பாதிகூட நுழையாது என்பதை அவள் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. அதற்கடுத்த நாள் கையை ஜன்னல் கம்பியோடு கயிற்றால் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். மணி அடித்தபோது கயிறு தோணிக்காரர்கள் சுற்றிவைக்கிற மாதிரி வட்டமாகச் சுற்றி மூலையில் இருந்தது.

"யாரு அவுத்தது?"

"நான்தான். நீதான் அவுக்கச் சொன்ன. 'நேரமாச்சு, அக்கா தேடுவா'ன்னு சொன்ன."

விரல்களை மோந்து பார்த்தாள். இடியாப்ப ஆவி மணந்தது. உதட்டில் தேங்காய்ப்பால் இனிப்பு ஒட்டியிருந்தது. சந்தேகமே இல்லை, மருந்து வைக்கிறாள்! ஃப்ளோரா தினமும் கூப்பிட்டு வைத்து சோற்றிலோ இடியாப்பத்திலோ கைமருந்து கொடுக்கிறாள், தங்கச்சியை மயக்கிவிட்டு அவள் புருஷனை அள்ளிக்கொண்டு போகப் பார்க்கிறாள். செலஸ்தி பஸ் ஏறிப்போய், வைத்த மருந்தை வயிற்றிலிருந்து எடுக்கிறவளிடம் வயிற்றைக் காட்டினாள். அந்த அம்மாள் தொட்டுப் பார்த்துவிட்டு, "மருந்தெல்லாம் ஒண்ணுமில்ல. நல்லா சாப்பிடுத, அவ்வளவுதான். ஒடம்புலதான் இன்னும் ஒட்டல" என்றாள். செலஸ்தி அவளையும் சந்தேகப் பட்டியலில் சேர்த்துக்கொண்டு ஊர் திரும்பினாள்.

எட்வின் சாமியும் கேமரா வைத்த நாளில் இங்கே இல்லாதவர், சாயங்காலத்தைப் பார்க்கிறவர்தானே என்று அவரிடமும் போய் நின்றாள்.

"சாமி, நான் அந்த வீட்டுக்குப் போறது நெசமா?"

"நெசம்தான்மா. படியில உக்காந்து ரெண்டுபேரும் பேசிக்கிட்டே இருப்பீங்க. ஒருநாள் உங்கக்கா உங்க காதுல ஏதோ சொன்னாங்க. நீங்க சிரிச்ச சிரிப்புல நான் நின்னு பார்த்துட்டுப் போனேன்."

"என்ன சொன்னா?"

"அது எனக்குக் கேக்கலையே."

கேட்கவில்லையாம். சாமியார் என்றாலும் ஆண்பிள்ளைதானே என்று நினைத்துக்கொண்டு செலஸ்தி முக்காட்டை இழுத்துவிட்டு வெளியே வந்தாள்.

இப்படியிருக்க, ஒருநாள் சங்கு ஊதியது. செலஸ்தி கையில் தேத்தண்ணி டம்ளரோடு தன் வீட்டு அடுப்படியில் நின்றிருந்தாள். மணி அடித்தபோது அவள் ஃப்ளோரா வீட்டு வாசல்படியில் உட்கார்ந்திருந்தாள். மடியில் ஃப்ளோராவின் தலை இருந்தது. கண் லேசாகத் திறந்திருந்தது, வாயும் எதையோ சொல்லி முடித்த மாதிரி லேசாகத் திறந்திருந்தது, உடம்பில் இன்னும் சூடு இருந்தது. உயிர் மட்டும் இல்லை. சுற்றி நின்ற சந்துக்காரர்களும் அப்போதுதான் வந்து நின்றவர்கள் மாதிரி விழித்தார்கள். செலஸ்தி தன் கையைப் பார்த்தாள். அது அக்காவின் முடியைக் கோதிக்கொண்டிருந்த நிலையில் இருந்தது. அந்தக் கையை எடுப்பதா, அப்படியே விடுவதா என்று அவளுக்குத் தெரியவில்லை.

அடக்கத்தில் அவள் அழவில்லை. கல் நெஞ்சுக்காரி என்று நாலுபேர் முணுமுணுத்தார்கள். உண்மையில் அவளுக்கு எந்த உறவில் நின்று அழுவது என்று விளங்கவில்லை. அவளுக்குத் தெரிந்தவரை அக்காவோடு பேச்சு இல்லை. தெரியாத இன்னொரு செலஸ்தி ஒரு வருஷமாக அக்காவோடு உட்கார்ந்து சிரித்து, சாப்பிட்டு, கடைசி மூச்சில் தலையை மடியில் ஏந்தியிருக்கிறாள். அழுகிற உரிமை அவளுக்குத்தான். செலஸ்திக்கு வாழ்க்கையில் முதல்முறையாக ஒருத்திமேல் சந்தேகம் வராமல் பொறாமை வந்தது. அந்த ஒருத்தி அவளேதான்.

கல்லறையிலிருந்து வந்ததும் கஸ்பாரைப் பிடித்துக்கொண்டாள். "அவ கடைசியா என்ன சொன்னா?"

"நான் சந்து மொனையில நின்னேன் செலஸ்தி. நெஞ்சப் புடிச்சா, சாஞ்சா, நீ புடிச்சிக்கிட்ட. நான் ஓடி வாறதுக்குள்ள முடிஞ்சிட்டு. அவ வாய் அசைஞ்சது தெரியும். என்ன சொன்னான்னு கேக்கல."

"சந்து மொனையில எதுக்கு நின்னீய?"

"அங்கதான் அந்தப் படக்காரப் புள்ள கேமராவ வச்சிக்கிட்டு நின்னுச்சு. 'நீ எப்ப வந்த'ன்னு அதுகிட்ட கேட்டுக்கிட்டிருந்தேன்."

அது நிஜம். சம்யுக்தா அன்றைக்குத்தான் திரும்பி வந்திருந்தாள். அவள் படத்தை வெளியூர்களில் நல்லாயிருக்கிறது என்று சொல்லிவிட்டார்களாம். எடுத்த இடத்திலேயே போட்டுக் காட்ட வேண்டும் என்று ஆசைப்பட்டு வந்தவள், வந்த நேரம் சங்குக்கும் மணிக்கும் நடுவில் ஆகிவிட்டது. சந்து முழுக்க அன்றைக்குப் போலவே தன்னைக் கவனிக்காமல் இருந்ததைப் பார்த்ததும் கை சும்மா இருக்கவில்லை, மறுபடி கேமராவை நிறுத்திவிட்டாள். ஃப்ளோரா சாய்ந்ததும் அதில் விழுந்திருந்தது.

சந்துக்காரர்கள் அவளை விடவில்லை. எங்கள் சாயங்காலத்தைக் காட்டிவிட்டுப் போ என்று பிடித்து வைத்துக்கொண்டார்கள். கோயில் மைதானத்தில் வெள்ளை வேட்டி கட்டி, இருட்டு விழுந்ததும் பழைய படத்தையும் புதிதாக எடுத்ததையும் சேர்த்துப் போட்டாள். செலஸ்தி முதல் வரிசையில் உட்கார்ந்தாள். திரையில் சந்து வந்தது. அடுத்த நொடி 'நன்றி' என்று எழுத்து வந்தது. செல்போனில் நடந்ததுதான் இங்கேயும். ஆனால் கஸ்பாரும் எட்வின் சாமியும் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள்.

"முடிஞ்சிட்டா?" என்று கேட்டாள் செலஸ்தி.

"இப்பத்தான் முடிஞ்சிது. நெறைய நேரம் ஓடிச்சு" என்றார் கஸ்பார்.

"அவ என்ன சொன்னா?"

சம்யுக்தா தலைகுனிந்தாள். "சத்தம் எடுக்கலம்மா. இது சத்தமில்லாத படம். அவங்க உங்களைப் பார்த்து ஏதோ சொல்றாங்க, நீங்க குனிஞ்சு கேக்குறீங்க. அவ்வளவுதான் தெரியுது."

அப்போதுதான் உபதேசியார் சூசை எழுந்தார். கோயிலில் ஜெபம் சொல்லிக்கொடுக்கிற பெரியவர், எதையும் ஒழுங்காகக் கேட்கிறவர். "ஏம்மா, படம் எடுக்கையில எப்படித் தொடங்குவீய, எப்படி முடிப்பீய?"

"ஆக்‌ஷன் சொன்னா ஆரம்பம். கட் சொன்னா முடிவு. இங்க எல்லாரும் புரியணும்னு ஆரம்பிக்கலாம்னு தமிழ்ல சொன்னேன்."

"முடியும்போது என்ன சொன்னீய?"

அவள் யோசித்தாள். யோசிக்க யோசிக்க முகம் வெளுத்தது. "ஒண்ணும் சொல்லல. எல்லாரும் ரொம்ப இயல்பா இருந்தீங்க. கெடுக்க மனசில்லாம சத்தமில்லாம கேமராவை மடக்கிட்டுக் கிளம்பிட்டேன்."

மைதானம் முழுக்க ஒரு பெருமூச்சு. ஒருவருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை. சிலுவை போட்டுத் தொடங்கிய ஜெபத்தைச் சிலுவை போட்டுத்தான் முடிக்கவேண்டும், 'சென்று வாருங்கள், திருப்பலி முடிந்தது' என்று சாமி சொல்லாதவரை பெஞ்சிலிருந்து எழக்கூடாது என்று வளர்ந்த பிள்ளைகள் அவர்கள். ஒரு வருஷமாக அவர்கள் எழாமல் இருக்கிறார்கள், அவ்வளவுதான்.

"நாளைக்கு சங்குக்கும் மணிக்கும் நடுவுல வந்து நின்னு 'போதும்'னு சொல்லிட்டுப் போம்மா" என்றார் உபதேசியார்.

எல்லாரும் சரி என்றார்கள். வயிற்றைத் தடவிக்கொண்டிருந்த மெர்சி மட்டும் பேசவில்லை. செலஸ்தி ஒரு வருஷமாகச் சாயங்காலத்தைத் திருப்பிக் கேட்டுத் தொண்டைகிழியக் கத்தியவள், அவளும் பேசவில்லை. 'போதும்' சொல்லிவிட்டால் அந்த இன்னொரு செலஸ்தி போய்விடுவாள். அக்காவின் கடைசி வார்த்தை அவளிடம்தான் இருக்கிறது. அவளோடு அதுவும் போய்விடும். அவளிடம் போய்க் கேட்கக்கூடிய ஆள், அவள் மனசுவிட்டுப் பேசக்கூடிய ஆள், உலகத்தில் கஸ்பார் ஒருவர்தான்.

மறுநாள் மத்தியானம் மீன் கழுவிக்கொண்டே கேட்டாள்.

"ஏங்க. இன்னிக்கு சாயந்தரம் நான் அக்கா வீட்டுக்குப் போவேன்லா?"

"நேத்தும் போன. பூட்டின வாசல்ல உக்காந்திருந்த."

"இன்னிக்கு என்கூட வந்து உக்காருங்க. அவ கடைசியா என்ன சொன்னான்னு என்கிட்ட கேளுங்க. அந்தப் புள்ள 'போதும்' சொல்லுமுன்ன கேட்டிரணும்."

"கேக்கேன்."

"ஒண்ணு விடாம அப்படியே சொல்லணும்."

"சொல்லுதேன்."

"நீங்க பொய் சொன்னா எனக்குத் தெரியும்."

"தெரியும்னு எனக்கும் தெரியும்" என்றார் கஸ்பார்.

கேட்கவேண்டிய வேறு கேள்விகளும் அவளிடம் இருந்தன. மாசிப் பொட்டலத்தைப் பற்றி இருந்தது. பெண் பார்க்க வந்த நாளைப் பற்றி இருந்தது. அந்தச் செலஸ்தி இதையெல்லாம் அக்காவிடம் நேரடியாகக் கேட்டுத் தெரிந்துகொண்டிருப்பாள், செலஸ்தி என்றால் கேட்காமல் இருப்பாளா! ஆனால் கஸ்பாரைப் பற்றிய கேள்விக்குக் கஸ்பாரையே தூது அனுப்ப முடியாது. அதைவிட, அந்தக் கேள்விகள் இப்போது அவளுக்கு ரொம்பச் சின்னதாகத் தெரிந்தன. அக்கா போய்விட்டாள். அவள் வாயிலிருந்து வந்த கடைசி வார்த்தை வேண்டும், அது திட்டாக இருந்தாலும் சரி.

சங்கு ஊதியது.

"போதும்!"

படக்காரப் புள்ளையின் குரல் சந்தின் கோடியிலிருந்து வந்தது. செலஸ்தி கண்ணைத் திறந்தபோது வெயில் இருந்தது. சாய்ந்த மஞ்சள் வெயில், சந்தின் நீளத்துக்கும் ஒரே கோடாகக் கிடந்தது. கொடியில் காய்ந்த துணியெல்லாம் அதில் பளபளத்தது. எங்கோ ஒரு குழந்தை ஓடியது. ஒரு வருஷத்துக்கு மேலாகப் பார்க்காத வெயில். சந்தில் ஒவ்வொருவராக முகத்தைத் தூக்கி அதைப் பார்த்தார்கள். ஒருவர்மேல் ஒருவர் கண் வைக்க அப்போதைக்கு அவர்களுக்கு நேரமில்லை.

அவள் ஃப்ளோரா வீட்டுப் படியில் உட்கார்ந்திருந்தாள். கன்னம் நனைந்திருந்தது. அழுதது தான்தான் என்று அவளுக்குத் தெரிந்தது, எதற்கு அழுதாள் என்றுதான் தெரியவில்லை. பக்கத்தில் கஸ்பார் உட்கார்ந்திருந்தார்.

"கேட்டீயளா?"

"கேட்டேன்."

"என்ன சொன்னேன்?"

கஸ்பார் தொண்டையைச் செருமினார். "ஒங்கக்கா, 'எல்லாத்தையும் மன்னிச்சிரு தங்கச்சி, ஒன்ன நான் ஒருநாளும் வெறுக்கல'ன்னு சொன்னாளாம்."

செலஸ்தி, மீன் வாங்குகிறவள் செவுளைத் தூக்கிப் பார்ப்பதுபோல அவர் முகத்தைப் பார்த்தாள்.

"பொய். எங்கக்கா என்ன ஒருநாளும் தங்கச்சின்னு கூப்பிட்டதில்ல. மன்னிச்சிருங்கிற வார்த்தைய அவ சாமிகிட்டகூட மொணங்கிக்கிட்டுத்தான் சொல்லுவா. இது நீங்க சொந்தமா அவிச்சது."

கஸ்பார் முகத்திலிருந்து ஒரு பாரம் இறங்கியது. "அப்பாடா. நீதான் இப்படிச் செய்யச் சொன்ன. 'மொதல்ல ஒரு பொய்யச் சொல்லுங்க, பொய்யின்னு அவளே கண்டுபிடிக்கட்டும். பெறகு உள்ளதச் சொன்னா நம்புவா'ன்னு சொன்ன."

செலஸ்தி கன்னத்தைத் துடைத்துக்கொண்டாள். தன்னை இப்படித் தெரிந்துவைத்திருக்கிற ஒருத்தி இந்தச் சந்தில் வேறு யார் இருக்க முடியும்?

"உள்ளது என்ன?"

"'ஏட்டி, என்ன மடி இது, கருவாட்டுக் கூடையில தலைய வச்ச மாதிரி குத்துது. ஒம் புருஷன் பண்டாரின்னு பேரு, பொண்டாட்டிக்கு ஒழுங்கா சோறு போடமாட்டானா? தினமும் ஊட்டிவிட்டும் எலும்பாத்தான் இருக்க'ன்னு கேட்டாளாம். அதுதான் கடைசி. பெறகு பேசலியாம்."

செலஸ்தி சிரித்துவிட்டாள். அது அக்காவேதான். செத்துக்கொண்டே குறை சொல்வதற்கு இந்த ஊரில் வேறு யாருக்கு வாய் வரும்! சிரிப்பு பாதியிலேயே திரும்பி அழுகையாகி, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, அக்கா அக்கா என்று சந்து முழுக்கக் கேட்கும்படி அழுதாள். அடக்கத்தன்று அழவேண்டிய அழுகை, அதற்கு முன்னால் பேசாமல் இருந்த வருஷங்களின் அழுகை எல்லாம் சேர்ந்து வந்தது. கஸ்பார் அவள் முதுகில் கைவைத்தபடி இருந்தார்.

வெகுநேரம் கழித்து மூக்கைச் சிந்திவிட்டுக் கேட்டாள். "நான் அதுக்கு என்ன சொன்னேன்?"

"ஒண்ணும் சொல்லலியாம். காலை மாத்தி மடக்கி, சேலையச் சுருட்டி வச்சு, அவ தலைய மறுபடியும் எடுத்து மடியில வச்சிக்கிட்டியாம்."

கஸ்பார் அடுத்த கேள்விக்காகக் காத்திருந்தார். எந்தக் காலை மடக்கினேன், அது உங்களுக்கு எப்படித் தெரியும், சந்து முனையிலிருந்து பார்த்தால் அது தெரியுமா, முதலில் சொன்னது பொய்யென்றால் இது மட்டும் எப்படி உண்மை என்று வரிசையாக வரும் என்று அவருக்குத் தெரியும். பதில்களைக்கூட மனசுக்குள் அடுக்கி வைத்துக்கொண்டார்.

"சரி" என்றாள் செலஸ்தி.